செவ்வந்தியிடம் சொல்லாத சேதி

மலைக்காட்டில் இரண்டு இருவாச்சிப் பறவைகள் வாழ்ந்துவந்தன. ஆணின் பெயர் அலகன். பெண்ணின் பெயர் செவ்வந்தி. அலகன் என்று பெயர் வைத்தது சரிதான். மூக்கு அவ்வளவு பெரிது! போதாததற்கு, மூக்கின் மேல் இன்னொரு மூக்கைக் கவிழ்த்து வைத்தது போல மஞ்சள் நிறத்தில் ஒரு கொண்டை. அந்தக் கொண்டையைப் பற்றி அவனுக்குக் கொஞ்சம் கர்வமும் உண்டு.

இருவாச்சி வீட்டு வழக்கம் மற்றப் பறவைகளின் வழக்கம் போல அல்ல. தை பிறந்ததும் பெண் பறவை ஒரு மரப்பொந்துக்குள் நுழைந்துகொள்ளும். பிறகு மண்ணையும் எச்சத்தையும் குழைத்து வாசலை அடைத்துவிடுவார்கள். ஒரு சின்ன இடுக்கு மட்டும் மிச்சம் இருக்கும். அதன் வழியாகத்தான் ஆண் பறவை பழம் ஊட்ட வேண்டும். உள்ளே போனவள் முட்டையிட்டு, குஞ்சு பொரித்து, அது ஓரளவு வளர்ந்த பிறகே வெளியே வருவாள். இதற்கிடையில் அவளுடைய பழைய இறகுகள் உதிர்ந்துவிடும். புது இறகு வளரும்வரை அவளால் பறக்க முடியாது.

மரம் சரியில்லை என்றால் வெளியே இருப்பவன் பறந்துவிடலாம். உள்ளே இருப்பவள் என்ன செய்வாள்? அதனால் இருவாச்சிகள் ஒரு ஏற்பாடு வைத்திருந்தன. ஆண் பறவை காடெல்லாம் அலைந்து பொந்து தேட வேண்டும். பார்த்ததையும் கேட்டதையும் ஒன்றுவிடாமல் வந்து சொல்ல வேண்டும். எந்தப் பொந்து என்று முடிவு செய்வது பெண் பறவை.

அந்த ஆண்டு அலகன் இரண்டு பொந்துகளைப் பார்த்துவைத்தான். ஒன்று பள்ளத்தில் நின்ற வெடிப்பலா மரத்தில் இருந்தது. பக்கத்திலேயே ஒரு காட்டு அத்தி, கிளை கிளையாகக் காய்த்துக் கிடந்தது. இன்னொன்று இரண்டு மலை தாண்டி, ஒரு கிழட்டு நாங்கு மரத்தில் இருந்தது. அங்கே சுற்றுவட்டாரத்தில் ஒரு பழமரம்கூடக் கிடையாது.

அலகன் வெடிப்பலாவின் பொந்தை எட்டிப் பார்த்துக்கொண்டிருந்தபோது ஒரு மரங்கொத்தி வந்து உட்கார்ந்தது.

"அண்ணா! இந்தப் பொந்துக்கா குடி வரப்போறீங்க?"

"ஆமா. ஏன் கேக்கற?"

"நான் தினமும் கொத்தற மரமுங்க இது. வேர்ப்பக்கம் சத்தம் சரியில்ல. உள்ளுக்குள்ள கரையான் தின்னிருக்குது!"

"விழுந்துருமா?"

"அத நான் எப்படிச் சொல்றது? பத்து மழைக்கும் நிக்கலாம். ஒரே காத்துக்குச் சாயவும் சாயலாம். எதுக்கும் அக்காகிட்ட ஒரு வார்த்த சொல்லிருங்க!"

"சொல்றேன், சொல்றேன்!" என்றான் அலகன்.

சொல்ல வேண்டும் என்றுதான் கிளம்பினான். பறக்கப் பறக்க யோசனை வந்தது. 'ஒரு நாளைக்கு இருபது தடவை பழம் கொண்டுபோக வேண்டும். இரண்டு மலை தாண்டி இருபது தடவையா? என் சிறகு என்னாவது? சரி, என் சிறகை விடு. அவள் அல்லவா பசியோடு காத்துக் கிடப்பாள்? பாவம், செவ்வந்தி! அவளுக்காகவாவது வெடிப்பலாதான் நல்லது. கரையான் என்று சொன்னால் வீணாகப் பயப்படுவாள். விழும் என்று மரங்கொத்தியே உறுதியாகச் சொல்லவில்லையே!'

பார்த்தீர்களா? நம் சோம்பல் ஒருநாளும் தன் சொந்தப் பெயரில் வராது. அடுத்தவர் நன்மை என்று பெயர் சொல்லிக்கொண்டுதான் வரும்.

அலகன் போய்ச் சேர்ந்ததும் செவ்வந்தி ஆவலோடு கேட்டாள். "ஏனுங்க, பொந்து கிடைச்சுதுங்களா?"

"ரெண்டு பாத்தேன். ஒண்ணு ரெண்டு மலை தாண்டி இருக்குது. போக வரவே பாதி நாள் போயிரும். இன்னொண்ணு பள்ளத்து வெடிப்பலாவுல, அத்தி மரத்துக்குப் பக்கத்துலயே! நீ வாயத் தொறக்கறதுக்குள்ள பழம் வந்துரும்!"

"மரம் கெட்டிதானுங்களா?"

"எத்தனை வருசமா நிக்குது! அது எங்க விழப்போவுது?"

கேட்ட கேள்விக்கு அது பதில் அல்ல. ஆனால் செவ்வந்தி அவனை நம்பினாள். ஆறு ஆண்டுகளாகக் கூட வாழ்கிறவன். இதுவரை ஒரு பொய் சொன்னதில்லை.

"அப்ப வெடிப்பலாவே இருக்கட்டுமுங்க," என்றாள்.

தை மாதத்தில் ஒரு நல்ல வெயில் நாளில் அவள் உள்ளே போனாள். அலகன் ஓடைக்கரையிலிருந்து மண் கொண்டுவந்து கொடுத்தான். அவள் உள்ளிருந்து பூசினாள். அவன் வெளியிலிருந்து தட்டினான். இருவரும் பாட்டுப் பாடிக்கொண்டே அடைத்தார்கள்.

மூன்றாம் நாள் அந்த மரத்தில் ஏறிய மலை அணில் அலகனைத் தனியே கூப்பிட்டது. அலகனுக்கு அது பழைய சிநேகிதன்.

"மச்சான், அடிமரத்தப் பாத்தியா? ஒரு கை நுழையற அளவுக்கு ஓட்டை! உனக்குத் தெரியாதா?"

"மெதுவாப் பேசுப்பா! மரங்கொத்தி ஏற்கனவே சொல்லிட்டான்."

"தெரிஞ்சுமா அவள உள்ள விட்ட? செவுரு இன்னும் ஈரமாத்தான் இருக்குது. ரெண்டு கொத்துக் கொத்துனா வெளிய வந்துருவா. இப்பவே போய்ச் சொல்லு!"

அலகன் கொண்டையைச் சொறிந்துகொண்டான். "இப்பச் சொன்னா, முதல்லயே ஏன் சொல்லலைன்னு கேப்பாளே! சண்ட வரும். நல்ல நேரம் பாத்துச் சொல்லிக்கறேன்."

அணில் வாலை உதறியது. "சண்டைக்குப் பயந்தா இப்படி? என்னமோ போ!"

எனக்கு இந்த இடத்தில்தான் அலகன் மேல் கோபம் வருகிறது. முதலில் செய்தது தப்பு. சரி, யாரும் செய்வதுதான். அன்றைக்குச் சொல்லியிருந்தால் ஒரு வாரம் சண்டையோடு போயிருக்கும். ஒரு வாரச் சண்டைக்கு அஞ்சி அவன் வாயை மூடிக்கொண்டான்.

நல்ல நேரம் பார்த்தான். மாசி பிறந்தது. ஒருநாள் காலையில் இடுக்கு வழியாகச் செவ்வந்தியின் குரல் வந்தது.

"ஏனுங்க! முட்டை வெச்சாச்சுங்க! ஒண்ணே ஒண்ணு! வெள்ளையா, எத்தனை அழகு தெரியுங்களா?"

அலகன் வாயைத் திறந்தான். 'இந்த நேரத்தில் எப்படிச் சொல்வது?' என்று மூடிக்கொண்டான்.

இன்னும் சில நாள் கழிந்தது. இடுக்கு வழியாக நீண்ட இறகுகள் ஒவ்வொன்றாக வெளியே வந்து விழுந்தன. செவ்வந்தியின் இறகுகள். கீழே விழுவதைப் பார்த்தபடி அலகன் கிளையில் உட்கார்ந்திருந்தான். இனி அவளால் பறக்க முடியாது. இனிச் சொன்னால் பயம்தான் மிச்சம் என்று நினைத்தான். ஆகவே அன்றும் சொல்லவில்லை.

குற்றமுள்ள நெஞ்சு குறுகுறுக்கும் அல்லவா? அவன் பழத்தை அள்ளி அள்ளிக் கொண்டுவந்தான். இருபது தடவை முப்பதாயிற்று. முப்பது நாற்பதாயிற்று. எங்கோ அலைந்து செந்நிறப் பழங்களாகப் பொறுக்கி வந்தான். ஒருநாள் கொழுத்த ஓணான் ஒன்றையும் கொண்டுவந்தான்.

செவ்வந்தி உள்ளிருந்து சிரித்தாள். "என்னங்க இது, கல்யாண விருந்தாட்டம்! ஏதாச்சும் தப்புப் பண்ணிட்டீங்களா?"

"அட, போ புள்ள! பாசமுன்னு ஒண்ணு இருக்கக் கூடாதா?"

அவள் மறுபடியும் சிரித்தாள். அவனுக்குச் சிரிப்பு வரவில்லை.

பங்குனியில் முட்டை உடைந்து குஞ்சு வந்தது. ஒரு முடிகூட இல்லாத குஞ்சு. "கீச் கீச்" என்று அது கத்தும்போதெல்லாம் அலகன் இடுக்கில் கண்ணை வைத்துப் பார்ப்பான். பிறகு கீழே இறங்கி அடிமரத்தைப் பார்ப்பான். ஓட்டை பெரிதாகிக்கொண்டே வந்தது. 'இன்னும் ஒரு மாதம் நின்றுவிடு! ஒரே ஒரு மாதம்!' என்று மரத்தைக் கும்பிட்டான். சொல்ல வேண்டியவளிடம் சொல்லாமல் மரத்திடம் கெஞ்சி என்ன பயன்?

பங்குனிக் கடைசியில் ஒரு மத்தியானம் திடீரென்று வானம் கறுத்தது. கோடை மழைக்கு முன் வரும் காற்று மலைச்சரிவில் இறங்கியது. வெடிப்பலா ஒருமுறை ஆடியது. வேர்ப்பக்கம் 'மடார்' என்று ஒரு சத்தம் கேட்டது.

அலகன் பொந்துக்குப் பாய்ந்தான். "செவ்வந்தி! செவுத்த உடை! வெளிய வா!"

"என்னங்க ஆச்சு? காத்துதானே அடிக்குது?"

"மரம் விழப்போவுது! வேரெல்லாம் கரையான் தின்னுட்டுது!"

"உங்களுக்கு எப்படித் தெரியும்?" என்று கேட்டாள் செவ்வந்தி.

"அதெல்லாம் அப்புறம்! உடை, உடை!"

அவன் வெளியிலிருந்து கொத்தினான். அவள் உள்ளிருந்து கொத்தினாள். தை வெயிலில் காய்ந்த மண் கல்லாக இறுகியிருந்தது. இருவரும் சேர்ந்து அவ்வளவு நன்றாகப் பூசியிருந்தார்கள்! அலகனின் மூக்கில் ரத்தம் வந்தது. கடைசியில் ஒரு பக்கம் பெயர்ந்தது. செவ்வந்தி உடம்பை நெளித்து வெளியே வந்தாள். இறகு பாதிதான் முளைத்திருந்தது. பொந்தின் விளிம்பைப் பிடித்துக்கொண்டு உள்ளே திரும்பிப் பார்த்தாள்.

"குஞ்சு! குஞ்சுங்க!"

பறவையால் குஞ்சைத் தூக்கிக்கொண்டு பறக்க முடியுமா? நகத்தில் பிடித்தால் கிழியும். அலகில் கவ்வினால் நசுங்கும். அவள் மறுபடியும் உள்ளே நுழையப் போனாள். அதற்குள் மரம் சாய்ந்தது. அலகன் அவளை முட்டித் தள்ளினான். அவள் பக்கத்து மரத்தின் கொடியில் விழுந்து தொங்கினாள். வெடிப்பலா ஓடைப்பக்கம் போய் விழுந்தது. பிறகு மழை கொட்டியது.

மழை விட்டதும் காடு அமைதியானது. கீச்சென்ற சத்தம் எங்கிருந்தும் வரவில்லை.

செவ்வந்தி கொடியைப் பிடித்து ஒரு தாழ்ந்த கிளைக்கு வந்து சேர்ந்தாள். அலகன் அவள் எதிரில் தலை குனிந்து உட்கார்ந்தான். செவ்வந்தி கேட்டாள்.

"எப்பத் தெரியும் உங்களுக்கு?"

"தையில. பொந்து பாத்த அன்னைக்கே மரங்கொத்தி சொன்னான், வேர்ல கரையான், நிக்கலாம், சாயவும் சாயலாம்னு."

"நான் உள்ள போறதுக்கு முன்னாலயா?"

"ஆமா."

"செவுரு காயறதுக்கு முன்னால என்னைக் கூப்பிட்டிருக்கலாமே!"

"கூப்பிட்டிருக்கலாம்." என்றான் அலகன். "நீ பயந்துருவியோன்னு நெனச்சேன், செவ்வந்தி. அந்த இன்னொரு பொந்து அத்தனை தூரம். நீ பட்டினி கிடப்பியேன்னு..."

செவ்வந்தி விழுந்து கிடந்த மரத்தைப் பார்த்தாள். "ஒண்ணு சொல்லட்டுங்களா? நீங்க சொல்லியிருந்தாலும் நான் இந்த மரத்தையே கேட்டிருப்பேனோ என்னமோ. நிக்கலாம், சாயலாம்னுதானே சொல்லியிருக்கான். பழம் பக்கத்துல இருக்குதேன்னு நானும் துணிஞ்சிருப்பேனோ என்னமோ."

அலகன் சட்டென்று தலை நிமிர்ந்தான். "அப்படீன்னா... என் மேல மட்டும் தப்பில்லதானே?"

"கேளுங்க. அப்படி நான் துணிஞ்சு, இப்படி ஆயிருந்தா, இன்னைக்கு எம் புள்ளைக்காக மட்டும் அழுதிருப்பேன். நீங்களும் பக்கத்துல உக்காந்து அழுதிருப்பீங்க. ரெண்டு பேரும் ஒருத்தர் தோள்ல ஒருத்தர் சாஞ்சிருப்போம். இப்ப எனக்குச் சாய எடமில்லீங்க!"

அலகன் பறந்துபோய் ஒரு அத்திப்பழம் கொண்டுவந்து நீட்டினான். அவள் வாங்கித் தின்றாள். பசி இருந்தது. பறக்கவும் முடியாது. ஆனால் அவன் முகத்தை அவள் பார்க்கவில்லை.

பதினைந்து நாள் அவன் அந்தத் தாழ்ந்த கிளைக்குப் பழம் கொண்டுவந்தான். இறகு முளைத்ததும் அவள் பறந்தாள். எங்கும் ஓடிப்போய்விடவில்லை. அவனோடுதான் இருந்தாள். ஒரே மரத்தில் தங்கினார்கள். ஒரே அத்தியில் தின்றார்கள். பேச்சும் இருந்தது. மழை வரும்போலிருக்கிறது, பழம் முற்றிவிட்டது, அவ்வளவுதான்.

அடுத்த தை வந்தது. அலகன் பத்து நாள் காடு முழுக்க அலைந்தான். ஏழு பொந்துகளைப் பார்த்தான். ஒவ்வொன்றிலும் வேரிலிருந்து நுனிவரை தட்டிப் பார்த்தான். திரும்பி வந்து எல்லாவற்றையும் ஒன்றுவிடாமல் சொன்னான். இதில் எறும்பு இருக்கிறது, அதில் மழைநீர் இறங்குகிறது, இந்த மரத்தருகே மரநாய் நடமாடுகிறது என்று ஒளிக்காமல் சொன்னான். சொல்லி முடிக்கும்போது அவனுக்கு மூச்சு வாங்கியது.

செவ்வந்தி முழுவதையும் பொறுமையாகக் கேட்டாள்.

"நல்லாத்தான் பாத்திருக்கீங்க," என்றாள். "ஆனா இந்த வருசம் வேண்டாமுங்க. என்னால உள்ள போய் உக்கார முடியும்னு தோணல."

கோபமாகச் சொல்லியிருந்தால்கூட அலகன் தாங்கியிருப்பான். அவள் சாதாரணமாகத்தான் சொன்னாள். அவன் சரி என்று தலையாட்டிவிட்டு, கிளையின் மறுகோடிக்குப் போய் உட்கார்ந்துகொண்டு அழுதான்.

அடுத்தவர் உயிரைப் பொறுத்த முடிவில் அவருக்குத் தெரிய வேண்டியதை ஒருபோதும் மறைக்கக் கூடாது. மறைத்தவன் பிறகு எவ்வளவு வருந்தினாலும் போன உயிரும் திரும்பாது, போன நம்பிக்கையும் எளிதில் திரும்பாது.