தாய் ஓடைத் தண்ணீர்

காசிலிங்கத்துக்கு நெடுவாற்றின் வரலாறு தலைகீழ்ப் பாடம். கேட்டாலும் சொல்வார், கேட்காவிட்டாலும் விடமாட்டார். எந்த அணையை யார் கட்டியது, எந்தக் குளத்துக்கு எந்த மடை, எல்லாம் நுனிநாக்கில் இருக்கும். பனையடிக்காரர். அதனால் அவர் சொல்லும் வரலாற்றில் ஆறு பனையடி ஓடையில்தான் பிறக்கும்.

பக்கத்து ஊர் வாகையூர். அங்கேயும் ஓர் ஓடை உண்டு. இரண்டு ஓடைகளும் சேர்ந்த பிறகுதான் அது நெடுவாறு. வாகையூர்க்காரர்கள் சொல்லும் வரலாற்றில் ஆறு எங்கே பிறக்கும் என்று நான் சொல்லவும் வேண்டுமா?

ஓடைகள் சேரும் இடத்துக்குச் சற்றுக் கீழே, படித்துறைக்கு மேல் ஒரு மடம். அங்கே சிற்றம்மை என்ற துறவி இருந்தார். காசிலிங்கத்தைவிட இருபது வயது இளையவர். ஆனாலும் காசிலிங்கத்துக்கு அவர்தான் குரு. இவர் அவரை அம்மா என்பார். அவர் இவரை அண்ணாச்சி என்பார்.

ஒரு நாள் காலை காசிலிங்கம் மூச்சிரைக்க வந்தார். பின்னாலேயே மகள் கோமதி, அழுது வீங்கிய முகத்தோடு. அவளுக்குப் பின்னால் வாகையூர்ப் பூதத்தான், அவளுக்கு மாமனாராக வேண்டியவர்.

"அம்மா, கல்யாணம் நின்னுரும் போலிருக்கு," என்றார் காசிலிங்கம்.

"என்ன ஆச்சு?"

"நாளைக்குப் பந்தக்கால் நடணும். குழியில, ஆறு பிறக்கிற தாய் ஓடைத் தண்ணிதான் ஊத்தணும். அதுதானே நம்ம பக்கத்து வழக்கம்? பனையடித் தண்ணின்னு நான் சொல்லுதேன். இவரு குதிக்காரு."

"வாகையூர்த் தண்ணி ஊத்தலைன்னா என் மகன் மணையில உக்கார மாட்டான்," என்றார் பூதத்தான்.

"கோமதி நேத்துலேர்ந்து சாப்பிடலை அம்மா," என்றார் காசிலிங்கம். "ரெண்டுல எது தாய் ஓடை? நீங்க சொன்னா ரெண்டு ஊரும் கேக்கும். வரலாறு என்ன சொல்லுதோ, அதைச் சொல்லுங்க."

"உங்க வரலாறா, இவரு வரலாறா?"

காசிலிங்கம் தலையைச் சொறிந்தார்.

சிற்றம்மை உள்ளே போய் ஒரு பித்தளைக் குடத்தைக் கொண்டுவந்தார்.

"அண்ணாச்சி, இந்தப் படித்துறையில இறங்கி ஒரு குடம் பனையடித் தண்ணி மொண்டு வாங்க. வாகையூர்த் தண்ணி ஒரு சொட்டு சேரக் கூடாது. வந்துட்டா நாளைக்கு அதையே ஊத்திருவோம். சாட்சிக்குச் சம்பந்தியும் இறங்கட்டும்."

வேறு யாராவது என்றால் அங்கேயே யோசித்திருப்பார்கள். காசிலிங்கமா யோசிப்பார்? "இவ்வளவுதானா? வடகரையோரம் ஓடுறது பூரா எங்க தண்ணிதான்!" என்று வேட்டியை மடித்துக் கட்டினார்.

வடகரையில் மொண்டார். பூதத்தான் ஒரு கை அள்ளிக் குடித்தார்.

"இனிக்குது. எங்க தண்ணி. கொட்டும்!"

நடு ஆற்றில் மொண்டார்.

"இதுவும் எங்களுதுதான்."

"வே, நாக்கா அது? செம்மண் வாசம் தெரியலையா உமக்கு? எங்க ஓடை வாசம்வே!"

"செம்மண் வாசம் உம்ம வேட்டியில வருது!"

குடத்தை அவர் பிடுங்க, இவர் இழுக்க, பாசி படிந்த கல்லில் கால் வழுக்கி இரண்டு பெரிய மனிதர்களும் தொப்பென்று விழுந்தார்கள். எழுந்தபோது பூதத்தானின் மீசை வாய்க்குள் போயிருந்தது. காசிலிங்கத்தின் துண்டு சம்பந்தியின் தலையில் இருந்தது. துணி துவைத்துக்கொண்டிருந்த பெண்கள் விழுந்து விழுந்து சிரித்தார்கள். கோமதியும் சிரித்துவிட்டாள். மகள் சிரிப்பதைப் பார்த்ததும் காசிலிங்கத்துக்கு அப்படி ஒரு சந்தோஷம். பூதத்தானுக்கும் சிரிப்பு வந்துவிட்டது. ஒருவர் கையை ஒருவர் பிடித்துக்கொண்டு கரையேறினார்கள்.

குடம் நிறைந்திருந்தது. காசிலிங்கம் அதைச் சிற்றம்மையின் முன்னால் வைத்தார்.

"பிரிக்க முடியலை அம்மா. இதையே ஊத்துறோம்."

"பேஷ்."

"எனக்கும் சம்மதம்," என்றார் பூதத்தான்.

அத்தோடு விட்டிருக்கலாம். காசிலிங்கத்தின் வாய் சும்மா இருக்குமா?

"இருந்தாலும் அம்மா, வரலாறுன்னு ஒண்ணு இருக்குல்ல? உண்மையில எதுதான் தாய் ஓடை?"

சிற்றம்மை கோமதியைப் பார்த்தார். பிறகு இரண்டு சம்பந்திகளையும் பார்த்தார்.

"பேரப்பிள்ளை பிறந்ததும் தூக்கிட்டு வாங்க. அதுல பனையடி எது, வாகையூர் எதுன்னு ரெண்டு பேரும் பிரிச்சுக் காட்டுங்க. மறுநாளே நான் ஆத்தைப் பிரிச்சுச் சொல்லுதேன்."

காசிலிங்கம் குடத்தைத் தூக்கித் தோளில் வைத்தார். பூதத்தான் விடுவாரா?

"மூக்கு எங்க வாகையூர் மூக்காத்தான் இருக்கும்," என்றார்.

"கண்ணு எங்க கோமதி கண்ணு!" என்று காசிலிங்கமும் சிலிர்த்துக்கொண்டு கிளம்பினார்.

"மூக்கும் கண்ணும் வரணும்னா, முதல்ல போய்ப் பந்தக்காலை நடுங்க," என்றார் சிற்றம்மை.