அரக்குச் சட்டையில் வெள்ளைத் தையல்

“செத்த பிள்ளையோட சட்டைய எம்பிள்ளைக்கு அனுப்பியிருக்கா. இதுக்கு என்ன செய்யணும், சொல்லு.”

பொன்ரேகா துணிப்பையைச் சுகிர்தாவின் காலடியில் போட்டாள். வைக்கவில்லை, போட்டாள்.

சுகிர்தா அண்டாவைக் கிளறிக்கொண்டிருந்தாள். உள்ளே கருவேலம்பட்டை கொதித்தது. ஊரார் கழித்த வேட்டி சேலைகளை வாங்கி, துவைத்து, அந்தப் பட்டைத் தண்ணீரில் முக்கித்தான் அவளும் அவளோடு மலையடிவாரத்தில் தங்கியிருந்த நாலைந்து பேரும் உடுத்தினார்கள். மண்ணின் நிறம். தலை நரைத்தவர்கள்கூட அவளை ‘அம்மா’ என்று கூப்பிட்டார்கள். கஷ்டம் என்று வந்து உட்கார்ந்தார்கள். அவள் ஒன்றோ இரண்டோ வார்த்தை சொல்வாள். சில நாள் அதுவும் கிடையாது.

பொன்ரேகாவுக்கு ‘அம்மா’ வராது. கான்வென்ட்டில் இரண்டு பேரும் ஒரே பெஞ்சு. பிரேயரில் எல்லோரும் கண்ணை மூடியிருக்கும்போது சுகிர்தா மட்டும் ஜன்னலில் அணில் பார்ப்பாள். அதற்காக முட்டி போட்டதில் பாதி நாள் பொன்ரேகாவும் துணை.

“யாரு அனுப்புனா?” என்றாள் சுகிர்தா.

கணவனின் அக்கா, செண்பகவல்லி. பொன்ரேகா மூச்சு விடாமல் சொன்னாள். போன ஆடியில் மூன்று நாள் காய்ச்சலில் மதினியின் பையன் கதிர் போய்விட்டான். ஏழு மாதம் நிறையாத பிள்ளை. இவள் மகளுக்கு இந்த ஞாயிற்றுக்கிழமையோடு ஆறு மாதம். அன்றைக்குத்தான் சோறூட்டு. அந்தக் குடும்பத்தில் வருஷம் திரும்புகிறவரை பிள்ளைக்குக் கடைத்துணி போடமாட்டார்கள். திடமாக வளர்ந்த ஒரு பிள்ளையின் பழைய சட்டையைத்தான் கேட்டு வாங்கிப் போடுவார்கள். கேட்காமலே வந்திருக்கிறது இது. ஐந்து வெள்ளைச் சட்டை. சோறூட்டுக்கு வருவேன், பிள்ளை உடம்பில் பார்க்கணும் என்று சொல்லியும் அனுப்பியிருக்கிறாள்.

தூக்கி ஆற்றில் போடப் போனாளாம். கணவன் சேர்மதுரை கையைப் பிடித்துக்கொண்டானாம். அக்காவுக்கு இருப்பது அது ஒன்றுதான் என்றானாம். எனக்கும் இருப்பது இது ஒன்றுதான் என்று இவள் பிள்ளையைக் காட்டினாளாம். அதன் பிறகு வீட்டில் பேச்சு இல்லை.

“வளர்ந்த பிள்ளை சட்டை போடணுமாம். எது வளர்ந்துச்சு?”

இடுப்பில் பிள்ளை அவள் காதுத் தோட்டை இழுத்தது. கன்னத்தில் ஒரு மைப்பொட்டு, நெற்றியில் ஒன்று, உள்ளங்காலில் ஒன்று. இடுப்பில் மூன்று சுற்றுக் கறுப்புக் கயிறு.

“கயிறு குடு. தண்ணி மந்திரிச்சுக் குடு. எதையாவது குடு. இத்தன சனம் உங்கிட்ட வருதுல்லா.”

சுகிர்தா கையைத் துடைத்துக்கொண்டு பையிலிருந்து ஒரு சட்டையை எடுத்தாள். விரல்களுக்கிடையே தேய்த்துப் பார்த்தாள். கன்னத்தில் வைத்துப் பார்த்தாள்.

பொன்ரேகாவுக்கு உடம்பு கூசியது.

“நல்ல பருத்தி,” என்றாள் சுகிர்தா. “சாயம் புடிக்கும்.”

“நான் என்ன கேக்கேன், நீ என்ன சொல்லுத?”

“வீட்டுல வச்சு நீயே போடு. என்ன நிறம் வேணும்?”

“அவளுக்கு அடையாளம் தெரியாத நிறம்.”

சுகிர்தா மறுபடியும் அண்டாவைக் கிளறப் போய்விட்டாள்.

*

பேருந்து நிறுத்தத்துக்கு எதிரே இருந்த கடையில் பொன்ரேகா அரக்குச் சாயப்பொடி வாங்கினாள். மங்கலமான நிறம். அதற்குள் எந்த வெள்ளையும் தலை காட்டாது.

பழைய அலுமினியச் சட்டியில் தண்ணீர் கொதிக்கவைத்தாள். பொடியும் கல்லுப்பும் போட்டாள். பையைத் தலைகீழாகக் கவிழ்த்து, விழுந்த சட்டைகளில் ஒன்றைத் துணி கிண்டும் குச்சியால் தூக்கினாள். கை படவில்லை. அப்படியே சட்டிக்குள் விட்டாள். மூக்கை முந்தானையால் பொத்திக்கொண்டாள்.

எடுத்துப் பார்த்தபோது சட்டை முழுக்கத் திட்டுத் திட்டாக இருந்தது. ஒரு பக்கம் ரத்தக் கட்டு மாதிரி கறுத்தும், ஒரு பக்கம் வெளிறியும், கழுத்தடியில் உள்ளங்கை அகலத்துக்குச் சாயமே ஏறாமலும் கிடந்தது.

அடித்த பிள்ளையின் முதுகு மாதிரி இருந்தது.

மறுநாள் காலை முதல் பேருந்தில் ஏறினாள்.

“பாரு. நல்ல யோசனை சொன்னியே. பாரு இத.”

சுகிர்தா சட்டையை விரித்துப் பார்த்தாள். கழுத்தடியை முகர்ந்தாள்.

“தொவைக்காமப் போட்டியோ?”

“தொட மாட்டேன்.”

“பால் கக்குன கறை, எண்ணெய்க் கறை எல்லாம் அப்படியே இருக்கு. அது மேல சாயம் எப்படிப் புடிக்கும்? நனைக்கக்கூட இல்ல நீ.”

“தொட மாட்டேன்னு சொன்னேன்.”

“அப்பம் திட்டுதான் விழும்.”

பொன்ரேகா கத்தினாள். அங்கே பட்டை இடித்துக்கொண்டிருந்த பெரியவர் உலக்கையை நிறுத்தினார். உனக்கென்ன, பிள்ளையா குட்டியா என்றாள். ராத்திரி எழுந்து மூக்குக்குக் கீழே விரலை வைத்து மூச்சு வருகிறதா என்று பார்த்திருக்கிறாயா என்றாள். அழுக்குத் துணியைச் சாயத்தில் முக்கி உடுத்திக்கொண்டால் சாமியாராகிவிட முடியுமா என்றாள். ஊரில் இருக்கிற மந்திரவாதி எவ்வளவோ மேல், அவன் கேட்டதைக் கொடுப்பான் என்றாள்.

சுகிர்தா எல்லாவற்றையும் கேட்டாள். அடுப்படிக்குப் போய்ப் பாதி சோப்புக் கட்டி எடுத்து வந்தாள்.

“மிச்சம் நாலு இருக்கு,” என்றாள். “கையால.”

*

சோப்பை ஆற்றில் எறியத்தான் நினைத்தாள். ஆனால் ஞாயிறுக்கு இரண்டே நாள். செண்பகவல்லி வந்து வெள்ளைச் சட்டை எங்கே என்று கேட்பாள். திட்டுச் சட்டையைக் காட்ட முடியாது.

பின்பக்கக் கல்லில் உட்கார்ந்தாள். நாலு சட்டையையும் வாளியில் ஊறவைத்தாள். பல்லைக் கடித்துக்கொண்டு முதல் சட்டையைத் தொட்டாள்.

கழுத்தில் பால் கறை. தன் மகளின் சட்டையிலும் அதே இடத்தில்தான் இருக்கும். தோளில் தேங்காய் எண்ணெய். இடது கை நுனி மட்டும் நைந்திருந்தது. சப்பிச் சப்பி நைந்த துணி.

திட்டிக்கொண்டே துவைத்தாள். செண்பகவல்லியைத் திட்டினாள். சேர்மதுரையைத் திட்டினாள். அணில் பார்த்தவளைத் திட்டினாள். கும்மும்போது கீழ் விளிம்பு விரலுக்குத் தடிப்பாகப் பட்டது. கெட்டித் தையல் போலிருக்கிறது என்று அதையும் சேர்த்துக் கும்மினாள்.

இந்தத் தடவை ஈரத்தோடு போட்டாள். கிளறினாள். அலசிக் கொடியில் போட்டாள்.

அரக்கு ஒரே சீராக ஏறியிருந்தது. கடையில்கூட இப்படி ஒரு நிறம் கிடைக்காது. மூன்று நாளில் முதல்முறையாகப் பொன்ரேகாவுக்குக் கொஞ்சம் சிரிப்பு வந்தது. காயட்டும் என்று விட்டுவிட்டுப் போனாள்.

காய்ந்ததும் எடுக்க வந்தவள் கொடிக்கு முன்னால் நின்றாள்.

ஒவ்வொரு சட்டையிலும் கீழே, வரிசையாக மூன்று வெள்ளைக் கோடு.

வெள்ளைத் துணியில் வெள்ளை நூலால் போட்ட தையல். இவ்வளவு நாள் தெரியவே இல்லை. துணி முழுக்க அரக்காகிவிட்டது, நூல் மட்டும் பிடிவாதமாக வெளுத்து நின்றது. நகத்தால் கீறினாள். எச்சில் தொட்டுத் தேய்த்தாள். மறுபடியும் சாயம் காய்ச்சி அதிலேயே அரைமணி நேரம் போட்டாள்.

துணி இன்னும் கறுத்தது. கோடு இன்னும் பளிச்சென்று ஆனது.

*

“மறைக்க மறைக்க அவதான் தெரியுதா,” என்றாள் பொன்ரேகா. குரல் கம்மியிருந்தது. கத்திக் கத்தி அப்படி ஆகிவிட்டது. “இந்த நூலுக்கு என்ன கேடு?”

“பாலியஸ்டர் நூல். பருத்திச் சாயம் அதுல ஏறாது.”

“மொதல்லயே சொல்லியிருக்கலாம்லா.”

“பாக்கல.”

சுகிர்தா சட்டையை மடியில் போட்டு மூன்று கோட்டையும் விரலால் எண்ணினாள். அவற்றுக்குக் கீழே துணி நெடுகப் பொடிப் பொடியாக ஊசித் துளைகள் இருந்தன. அதையும் எண்ணினாள். மூன்று வரிசை.

அவள் முகம் மாறியதைப் பொன்ரேகா பார்த்தாள். என்ன என்று கேட்டாள்.  சுகிர்தா உள்ளே போய்க் காகிதத்தில் மடித்த ஒரு சின்னப் பொட்டலத்தோடு வந்தாள்.

“நாளைக்கு என்னால வர முடியாது. சோறூட்டுக்கு என் மொய்.”

திருநீறாக இருக்கும் என்று பொன்ரேகா நினைத்தாள். கடைசியில் மனம் இரங்கிவிட்டாள் என்று நினைத்தாள். பேருந்தில் உட்கார்ந்து பிரித்தாள்.

உள்ளே ஒரு பாதி பிளேடு.

பிள்ளைக்கு முதல் சோறு ஊட்டுகிற நாளுக்கு எவளாவது பிளேடு கொடுப்பாளா? இறங்கிப்போய் அவள் முகத்திலேயே விட்டெறிய வேண்டும் போல் இருந்தது. பேருந்து கிளம்பிவிட்டது. பிள்ளை கைக்கு எட்டாமல் பொட்டலத்தை ஜாக்கெட்டுக்குள் செருகிக்கொண்டாள்.

*

ஞாயிற்றுக்கிழமை பத்து மணிக்குச் செண்பகவல்லி வந்தாள். வாசலோடு நின்றுகொண்டாள். உள்ளே கூப்பிட்டார்கள். வந்தாள், ஆனால் பிள்ளைக்குப் பக்கத்தில் வரவில்லை. சுவரோரம் உட்கார்ந்தாள். யாரும் அவளைத் தள்ளி உட்காரச் சொல்லவில்லை. கிட்டே வா என்றும் சொல்லவில்லை.

பிள்ளை பாயில் அரக்குச் சட்டையோடு கிடந்தது.

செண்பகவல்லி ரொம்ப நேரம் பார்த்தாள்.

“சாயம் போட்டிருக்க,” என்றாள்.

பொன்ரேகா பிள்ளையின் சட்டையை இழுத்துவிட்டாள்.

“எம்பிள்ள போட்டதுன்னு தெரியக் கூடாதுன்னுதானே?”

 சேர்மதுரை எழுந்தான். அக்கா அவனை ஒரு பார்வையில் உட்காரவைத்தாள்.

“உன்னத்தான் கேக்கேன். ஆறு மடிப்பு மடிச்சு ஆறு வரி தச்சேன் நான். மாசம் ஒண்ணு பிரிக்கணும்னு தச்சேன். நாலாம் மாசத்துல இருந்து சட்டையும் கூடவே வளரணும்னு தச்சேன். அறுந்திரக் கூடாதுன்னு தேடிப்போய் அந்த நூல வாங்குனேன். அதயும் அழிக்கப் பாத்தியா? தேச்சிருக்க. அந்தா, நகம் பட்ட எடம் இங்க இருந்தே தெரியுது.”

மாதத்துக்கு ஒன்று. பொன்ரேகா குனிந்து பார்த்தாள். பிரித்துவிட்ட மூன்று வரி, துளைகளாக. பிரிக்காத மூன்று மடிப்பு, வெள்ளைக் கோடாக. நாலாம் மாதம், ஐந்தாம் மாதம், ஆறாம் மாதம். ஏழாம் மாத வரியைப் பிரிக்குமுன் போய்விட்டான்.

“பயமா இருந்துச்சு மதினி,” என்றாள்.

அந்த வார்த்தையை யாரிடமும் இதுவரை சொன்னதில்லை. அதைக் கோபமாகத்தான் காட்டியிருந்தாள்.

செண்பகவல்லி சுவரைப் பார்த்தாள்.

“எனக்கு மட்டும்?” என்றாள். “மாசம் பொறந்தா கை தானா பெட்டியத் தொறக்கு. அடுத்த வரியப் பிரிக்கப் போகுது. புள்ள இல்லன்னு கைக்குத் தெரிய மாட்டேங்கு. பிரிச்சிருவேனோன்னுதான் இங்க அனுப்புனேன். உன் மவளக் கொல்லவா அனுப்புனேன்?”

பொன்ரேகா ஜாக்கெட்டுக்குள் கைவிட்டுப் பொட்டலத்தை எடுத்தாள். எழுந்து, பாயைத் தாண்டி, சுவரோரம் போனாள். காகிதத்தைப் பிரித்து மதினியின் உள்ளங்கையில் வைத்தாள்.

செண்பகவல்லி பிளேடைப் பார்த்தாள்.

“இன்னைக்கு இல்ல,” என்றாள் பொன்ரேகா. “இவளுக்கு இன்னைக்கு ஆறுதான். நாலாவது மடிப்பு அடுத்த மாசம். நீங்க வந்துதான் பிரிக்கணும்.”

“மடிப்புக்குள்ள சாயம் போயிருக்காது. பிரிச்சா பழைய வெள்ள தெரியும்.”

“தெரியட்டும்.”

செண்பகவல்லி காகிதத்தை மறுபடி மடித்தாள். இடுப்பில் செருகிக்கொண்டாள்.

“சோறு ஆறுது பாரு,” என்றாள் அதே கோபத்தோடு. “பிள்ளைய இப்படிக் குடு.”