நனைக்கிற நிழல்

ஒரு ஊர்ல ஒரு நிழல் இருந்துச்சு, அலரு.

"மரம் இல்லியா சித்தி?"

மரமும் இருந்துச்சு, பெரிய புளியமரம். ஆனா கதை நிழலோடது. காலை ஆட்டாம கேளு. அந்த ஊரு சரியான வறட்டுக்காடு. கோடை வந்தா கிணத்துத் தவளைகூட ஊரைக் காலி பண்ணிடும். ஆனா அந்தப் புளியமர நிழல்ல போயி உக்காந்தா மட்டும் சிலுசிலுன்னு உடம்பு நனையும். மேகம் கிடையாது, தண்ணி கிடையாது, நிழலேதான் ஈரம். கண்ணால பாத்தா ஒண்ணும் தெரியாது, மண்ணு பொரிஞ்சு கிடக்கும். உக்காந்தாத்தான் சொட்டு, சொட்டு, சொட்டு. கடலைக்காட்டுல களையெடுக்கிற பொம்பளைங்க கைக்குழந்தைகளை அந்த நிழலோரத்துலதான் படுக்க வெச்சுட்டுப் போவாங்க. ஓரத்துல நனையாது, குளுமை மட்டும்தான். இல்லேன்னா அந்த வெயில்ல புள்ளைங்க என்ன ஆகும்? கேக்கிறியா?

"ம்."

அப்போ அந்த ஊர் மூப்பன் சடையாண்டி என்ன பண்ணினான், புதுசா எண்ணெய்ச் செக்கு போடணும், அதுக்கு இந்த அடிமரம்தான் வேணும்னுட்டான். "ஐயோ, அது மாயமரம்"னு பொம்பளைங்க ஓடி வந்தாங்க. "மாயம்னா பதிஞ்சிருக்கா? பதியாத மாயம் வெறும் மரம்தான். நாளைக்கு வெட்டுறேன்"னான்.

அந்த நாட்டுல மாயம் பதியிறதுன்னு ஒரு தொழில் இருந்துச்சு. பதியிறவங்க முதல்ல கண்ணைக் கட்டிக்குவாங்க. ஏன்னா மாயம் ஏமாத்துறது கண்ணைத்தான். அப்புறம் காதால கேட்டு, தோலால தொட்டு, மூக்கால மோந்து, தெரிஞ்சதை ஒரு புதுப்பானைக்குள்ள வாயை வெச்சுச் சொல்லுவாங்க. மூணும் சாட்சி சொல்லிட்டா பானை வாயைக் களிமண்ணு பூசி அடைச்சிடுவாங்க. அதுக்கப்புறம் ராஜாவே வந்தாலும் அந்த மரத்துல கோடாலி வெக்க முடியாது.

அப்போ அந்த வேலையில இருந்தவ பேச்சி. மூப்பன் அவளைப் பாத்துக் கெக்கெக்கேன்னு சிரிச்சான். "பொம்பளப் புள்ளைக்கு மூக்கு எதுக்கு? மூக்குத்தி போடத்தானே? மாயத்தை மோந்து பாக்கவா?"

நீயே சொல்லு அலரு, மூக்குத்தி போட்டா மோப்பம் போயிடுமா?

"போகாது!"

போகாதுல்ல? பேச்சியும் சும்மா விடல. "உங்க காதுலகூடக் கடுக்கன் மினுங்குது மூப்பரே. அப்போ உங்களுக்குக் காது கேக்காதா?"ன்னா. ஊரே கொல்லுன்னு சிரிச்சுச்சு.

மறுநாள் உச்சிவெயில்ல பேச்சி கண்ணைக் கட்டிக்கிட்டு நிழல்ல உக்காந்தா. முதல்ல காதைத் தீட்டினா. நிழல் சளக், புளக்னு மெல்லப் பேசும். ஆனா மூப்பன் தவுல்காரங்களைக் கூட்டியாந்து வெயில்ல நிக்க வெச்சிருந்தான். டம், டமடம, டம்! "என்ன கேட்டுச்சு?"ன்னான். "உங்க தவுல்தான் கேட்டுச்சு"ன்னா. காது போச்சு.

அப்புறம் கையைத் தடவிப் பாத்தா, ஈரம். "நல்ல வெயிலு, உன் வேர்வைதான் அது"ன்னான். வெயில்ல நடந்து வந்த வேர்வையும் இருந்துச்சே, என்ன சொல்லுவா? தோலும் போச்சு.

அப்புறம் மூச்சை இழுத்தா. ஸ்ஸ்ஸ்... ஆகா, நல்ல வாசம்! பானைக்கிட்ட வாயைக் கொண்டு போனவ அப்படியே நின்னுட்டா. தலையில மருக்கொழுந்து! பதியப் போற அன்னிக்குப் பூவும் வெக்கக்கூடாது, எண்ணெயும் தடவக்கூடாது, அதான் அவங்க வழக்கம். காலையில சிநேகிதி வளைகாப்புல வெச்ச பூ, எடுக்க மறந்துட்டா. யாரும் கவனிக்கல, மூப்பன்கூட. அவளே பூவை உருவிப் போட்டுட்டு, "மூக்கு சாட்சி செல்லாது. தப்பு என்னோடது"ன்னா.

"ஏன் சித்தி சொன்னா? கம்முனு இருந்திருக்கலாம்ல?"

இருந்திருக்கலாம். அப்புறம் அவன் பேசுறதுக்கும் இவ பேசுறதுக்கும் என்ன வித்தியாசம்?

"...ம்."

"வெட்டுங்கடா!"ன்னு கத்தினான் மூப்பன். கோடாலிக்காரன் கோடாலியை ஓங்கினான். பேச்சி கட்டின கண்ணோடயே மரத்தைக் கட்டிப் பிடிச்சுக்கிட்டா. "நில்லுங்க! எங்க தொழில்ல இன்னொண்ணும் உண்டு. மறுக்கிறவரும் கண்ணைக் கட்டிக்கிட்டு உக்காரணும். அவரு உடம்பு சாட்சி சொன்னா அது ஒண்ணே போதும்."

"நான் எதுக்கு உக்காரணும்?"

"ஒண்ணுமே இல்லாத நிழல்தானே மூப்பரே? உக்காந்தா என்ன, கடிச்சிடுமா?"

ஊரே பாக்குது. மாட்டேன்னு எப்படிச் சொல்லுவான்? துண்டால கண்ணைக் கட்டிக்கிட்டு, மீசையை முறுக்கிக்கிட்டு உக்காந்தான். தவுல் நின்னுச்சு. ரெண்டு பேரும் எதிரெதிரா, அடிமரத்தை ஒட்டி. நேரம் போகுது, போகுது... பேச்சிக்கும் குளிரு தாங்கல, விரலெல்லாம் மரத்துப் போச்சு. இவ எந்திரிச்சா மரம் போயிடும், புள்ளைங்களுக்கு நிழல் போயிடும். பல்லைக் கடிச்சுக்கிட்டு உக்காந்தே இருந்தா.

அப்போ ஒரு சத்தம். கட... கடகட... கடகடகட!

"என்ன மூப்பரே, பல்லு தந்தியடிக்குது? குளிருதா?"

"இ... இ... இல்லியே!" கடகடகட.

"நனையுதா?"

"ஒ... ஒ... ஒண்ணுமே... ஹா... ஹா... அச்சூ!"

மீசையில இருந்த தண்ணியெல்லாம் தெறிச்சுக் கோடாலிக்காரன் மூஞ்சியில விழுந்துச்சு. அவன் துடைச்சுப் பாத்தான். "எசமான், இது மழைத்தண்ணி மாதிரி இருக்கே!"ன்னு கோடாலியைக் கீழ போட்டுட்டான். பொம்பளைங்க விழுந்து விழுந்து சிரிச்சாங்க.

பேச்சி பானைக்குள்ள வாயை வெச்சா. "மறுத்தவரோட பல்லு சொன்னதைக் காதால கேட்டேன்." சொல்லிட்டு, களிமண்ணு பூசிப் பானையை அடைச்சா.

"அது வயசான பல்லு, அப்படித்தான் ஆடும்!"னான் மூப்பன்.

"அப்படியா? அப்போ நாளைக்கும் உக்காருங்க, பாத்துடுவோம்"னா பேச்சி.

அவ்வளவுதான். வேட்டியைப் பிழிஞ்சுக்கிட்டே ஓடினான் பாரு, வீடு போயித்தான் நின்னான். செக்குக்கு வேற ஊருல மரம் தேடப் போயிட்டான். சாயங்காலம் வரைக்கும் நிழலோரத்துல புள்ளைங்க வரிசையாத் தூங்குச்சுங்க.

கதையும் ஆச்சு, அவங்களும் தூங்கியாச்சு. நீ மட்டும் ஏன் முழிச்சிருக்கே? தூங்கு.