மூழ்காத வட்டில்

முன்னொரு காலத்துல வேங்கைநாட்டை வீரகேதுன்னு ஒரு ராஜா ஆண்டாரு. ஆண்டாருன்னா, பாதி நேரம் கண்ணாடி முன்னாடி உக்காந்திருந்தாரு. மீசையில ஒரு வெள்ளை முடி முளைச்சிருச்சு. நாட்டுக்கு வேற பிரச்சினையே இல்லை பாருங்க, அதுதான் பெரிய பிரச்சினை.

அந்த அரண்மனையில நேரம் பாக்குறது ஒச்சப்பன் வேலை. அடியில ஊசி ஓட்டை போட்ட செம்பு வட்டில் ஒண்ணு அண்டாத் தண்ணியில மிதக்கும். தண்ணி ஏறி அது முழுகிட்டா ஒரு நாழிகை. உடனே சேகண்டியை அடிப்பான். அந்தச் சத்தம் கேட்டாத்தான் காவல் மாறும், பந்தியில இலை விழும். ராஜாவும் நேரம் கேக்கணும்னா அவனைத்தான் கேப்பாரு. அரண்மனை ஜோசியர் தத்தாத்ரிக்கு அதுல வயித்தெரிச்சல்.

ஒருநாள் காலைப் பலகாரம் முடிஞ்சு, ராஜா தன் அழகைப் பத்தித் தானே பேசிக்கிட்டு இருந்தப்ப வட்டில் முழுகிருச்சு. ஒச்சப்பன் அடிச்சான். பேச்சுக்குக் குறுக்கே சத்தம் போட்டதுக்கு மூணு நாழிகை சிறைன்னு சொல்லிட்டாரு ராஜா.

அரண்மனைச் சமையக்கட்டுல சமைக்கிற அவன் பொண்டாட்டி பூங்காவனம், பருப்பு வேகுறதுக்குள்ள வந்துருவான்னு நினைச்சா. வரலை. ஏன்னா அந்த நேரம் பாத்துத் தத்தாத்ரி ஒரு வெண்கல வட்டிலைத் தூக்கிட்டு வந்தாரு. பிரம்மலோகத்துல இருந்து விழுந்த காலங்கட்டி வட்டிலாம். அது மிதக்குற வரைக்கும் காலம் நகராதாம், ராஜாவுக்கு வயசும் ஏறாதாம். மிதக்க விட்டாங்க. முழுகவே இல்லை. சபையே கைதட்டுச்சு.

பதினோரு தடவை சூரியன் வந்து போயிருச்சு. சபைக்கு மட்டும் அதே காலைதான். கோட்டை வாசல்ல காவல் மாறாம ரெண்டு பேரு நின்னுக்கிட்டே தூங்குனாங்க. பாடசாலைப் புள்ளைங்க அதே வாய்ப்பாட்டை ஒப்பிச்சு ஒப்பிச்சு, வாத்தியாருக்கே காது அடைச்சிருச்சு. அப்புறம் சூரியன் ஏன் மறையுதுன்னு ஒருத்தர் கேட்டதுக்கு, அது வேலையில்லாம சும்மா சுத்துதுன்னு சொன்னாரு ஜோசியர். படிச்ச சபை. அதுக்கும் தலையாட்டுச்சு.

பூங்காவனம் தினமும் சிறை வாசல்ல போய் நின்னா. முதல் நாழிகையே இன்னும் முடியலையே அக்கான்னான் காவக்காரன். உள்ளே ஒச்சப்பன் இருமுற இருமல் தெரு வரைக்கும் கேட்டுச்சு. இன்னும் பத்து நாள் விட்டா ஆளே மிஞ்ச மாட்டான்னு அவளுக்குத் தெரிஞ்சுபோச்சு. ஆனா ராஜா மட்டும் அந்த ஒரே காலையில தினமும் மூணு வேளை தின்னுக்கிட்டு இருந்தாரு. அதைத்தான் அவ பிடிச்சா.

பன்னெண்டாம் நாள் ராஜா இலை முன்னாடி உக்காந்தாரு. இலையில ஒண்ணும் விழலை. கையில கரண்டியோட பூங்காவனம் வந்து நின்னா.

"காலைப் பலகாரம் சாப்பிட்டாச்சே மகாராஜா. இது அதே காலைதானே? மதியச் சாப்பாட்டுக்குச் சேகண்டி அடிக்கணும். அரண்மனை வழக்கத்தை நான் மீற முடியுமா?"

ராஜா வீராப்பா எந்திரிச்சுப் போயிட்டாரு. உச்சி வெயில் இறங்குறதுக்குள்ள அவரு வயிறு போட்ட சத்தத்துல சபையில ஒருத்தர் பேச்சும் கேக்கலை. கரண்டியும் கையுமா பூங்காவனத்தைச் சபைக்குக் கூட்டிட்டு வந்தாங்க. இவளைச் சவுக்கால அடிக்கணும்னாரு தத்தாத்ரி.

"அடிங்கய்யா. எத்தனை நாழிகைன்னு மட்டும் சொல்லிருங்க," அப்படின்னுட்டு ராஜா பக்கம் திரும்புனா. "எனக்குப் புத்தி கம்மி மகாராஜா. ஜோசியரய்யா என் புருசன் பக்கத்துல ஒரு நாழிகை உக்காந்து காட்டட்டும். காலம்தான் நகரலையே, அவருக்கு உள்ள போனதே தெரியாது. அப்புறம் நான் வாயே தொறக்க மாட்டேன், சோறு போட்டுர்றேன்."

சோறுன்னதும் ராஜா முகம் மலர்ந்துருச்சு. "போய்யா, ஒரு நாழிகைதானே."

"மகாராஜா, வட்டில் முழுகினாத்தானே நாழிகை..."

"முழுகாதுன்னு சொன்னதே நீதானே?"

காவக்காரங்க ரெண்டு கையையும் பிடிச்சதுதான் தாமதம், தத்தாத்ரி திமிறிக்கிட்டு அண்டாகிட்ட ஓடி, வட்டிலோட அடியை நகத்தால சுரண்டுனாரு. ஓட்டையை அடைச்சிருந்த ஒரு மெழுகு உருண்டை மேலே மிதந்து வந்துச்சு. பிரம்மலோகத்து வட்டில் மெதுவா முழுகிப்போச்சு.

சேகண்டி அடிக்க ஆள் இல்லை. பூங்காவனமே கரண்டியால ஓங்கி ஒண்ணு வச்சா.

ராஜா கண்ணாடியை எடுத்து மீசையைப் பாத்தாரு. வெள்ளை முடி இப்ப மூணு. ஒச்சப்பனைக் கூட்டிட்டு வரச் சொன்னாரு. தத்தாத்ரிக்குப் பதினோரு நாள் சிறை. "சூரியனைப் பாத்து எண்ணுங்க. அது சும்மாத்தானே சுத்துது." அப்புறம், உனக்கு என்னம்மா வேணும்னு பூங்காவனத்தைக் கேட்டாரு.

"யாரு பேசிக்கிட்டு இருந்தாலும் நேரமானா என் புருசன் அடிப்பான். அது போதும்."

சரின்னாரு. பழைய செம்பு வட்டிலை மிதக்க விட்டாங்க. சும்மா இருப்பாரா மனுசன்? தன் பெருந்தன்மையைப் பத்திப் பேச ஆரம்பிச்சாரு. பேசுனாரு, பேசுனாரு, வட்டில் முழுகிருச்சு. ஒச்சப்பன் இருமிக்கிட்டே எந்திரிச்சுச் சேகண்டியை அடிச்சான்.

ராஜா வாயை மூடிக்கிட்டுச் சாப்பிடப் போனாரு. அன்னையில இருந்து வேங்கைநாட்டுல ராஜா பேச்சு ஒரு நாழிகையைத் தாண்டுனதே இல்லையாம்.