வெற்றிக்குச் சாட்சி

கல்லில் வெட்டியது பொய் சொல்லாது என்று பரவலாக நம்பப்படுகிறது. ஆழ்ந்த வருத்தத்துடன் மறுக்கிறேன். உளி யார் சொன்னாலும் கேட்கும்.

மராட்டியச் சிற்றரசர் சாபாஜி ராவ் ஆற்றங்கரைப் போரின்போது மதியமே வெள்ளைக் குதிரையில் ஏறிக் கோட்டைக்குத் திரும்பிவிட்டார். பொழுது சாயும்வரை நின்று எதிரியை விரட்டிச் செத்தவர்கள் ஊர்க்காரர்கள் பதினோரு பேர். செத்த பிறகும் அரண்மனை அவர்களை விடவில்லை. அவர்களின் நடுகல்லில் இருந்த பெயர்களைத் தேய்த்துவிட்டு, 'மகாராஜா கடைசிவரை தனியே நின்று வென்றார்' என்று வெட்டச் சொல்லி உத்தரவு வந்தது. அழிக்க வேண்டிய பெயர்களில் ஒன்று, கல்தச்சர் வெள்ளையாசாரியின் தம்பியுடையது.

வேலையைப் பார்க்க ராஜாவே வந்திருந்தார். திவான் நாரோபந்து அதட்டினார்: "ஏய் ஆசாரி, உளி ஓடலையா?"

"ஓடும் சாமி. வழக்கப்படி அடியில சாட்சி வெட்டணும். கடைசிவரை களத்துல நின்னு பார்த்தவங்க பேரு வேணும்."

"என் பேரை வெட்டு!"

"ஆகட்டும். அப்போ மகாராஜா மத்தியானம் கிளம்பினதையும் சாமி பார்த்திருப்பீங்க."

ராஜா மெல்லத் திரும்பித் திவானைப் பார்த்தார்.

"அன்னிக்கு எனக்குக் காய்ச்சல்," என்றார் திவான். "வீட்டுல படுத்திருந்தேன்."

"அப்போ கடைசிவரை நின்னது இந்தப் பதினோரு பேருதான். இருக்கிற சாட்சியையும் நானே அழிக்கலாமா சாமி?"

நடுகல்லில் உளி படவில்லை. மகாராஜாவின் வெற்றி லாயத்துச் சுவரில் வெட்டப்பட்டது. ஆள் யாரும் முன்வராததால், சாட்சியாக வெள்ளைக் குதிரையின் பெயரைப் போட்டார்கள்.