பாவாயி கட்டிய வலை

அந்தக் காலத்தில் சிலந்திக்கு நூல் இருந்தது, வலை இல்லை. பூச்சிகளும் மிருகங்களும் வாய்விட்டுப் பேசிக்கொண்டிருந்த காலம் அது. சிலந்திப் பெண்கள் முட்டைப் பையைச் சுற்றிக் கட்டுவதற்கு மட்டும் கொஞ்சம் நூல் விடுவார்கள். மற்றபடி அந்த நூலை யாரும் சட்டை பண்ணியதில்லை. மரப்பட்டை இடுக்குகளில் குடியிருந்துகொண்டு, கீழே போகிற எறும்பையோ கொசுவையோ ஓடிப் பிடித்துத் தின்று காலம் தள்ளினார்கள். ஆளுக்கு எட்டுக் கண். பார்வை என்னவோ சுமார்தான்.

கொல்லிமலைச் சரிவில், ஓடைக்கரைப் பலாமரம் ஒன்றில் பாவாயி என்ற சிலந்தி தன் புருஷன் சடையனோடு இருந்தாள். பாவாயி நல்ல வாட்டசாட்டமான ஆள். சடையன் அவளுடைய ஒரு காலின் நீளம்கூட வரமாட்டான். ஊர் கேலி பேசியது. அவன் காதில் வாங்கிக்கொள்ளவில்லை. அடுத்த பட்டையில் பாவாயியின் தங்கை அங்காயி குடியிருந்தாள்.

அவர்கள் எல்லாரும் பயந்தது ஒன்றே ஒன்றுக்குத்தான். கருங்குளவி. அது கொன்றுவிட்டால்கூடப் பரவாயில்லை என்பார்கள். அது கொல்லாது. ஒரே ஒரு கொட்டு; கைகால் மரத்துப்போகும், உயிர் மட்டும் இருக்கும். அப்படியே இழுத்துக்கொண்டு போய் மண் வீட்டுக்குள் போட்டு, மேலே தன் முட்டையை வைத்து, வாசலைப் பூசி அடைத்துவிடும். பொரிந்து வருகிற குஞ்சுக்கு உள்ளேயே சாப்பாடு தயார். அந்தச் சாப்பாடு அதுவரை விழித்துக்கொண்டே கிடக்கும்.

ஒருநாள் உச்சி வெயிலில் அக்காவும் தங்கையும் பட்டைமேல் காய்ந்துகொண்டிருந்தார்கள். "அக்கா, உனக்கொரு சேதி தெரியுமா, நேத்து அந்த ஓடைக்கு அக்கட்டால..." என்று அங்காயி ஆரம்பித்தாள். முடிக்கவில்லை. பாவாயி திரும்பினால் அங்காயி இருந்த இடம் வெறுமையாக இருந்தது. சற்றுத் தள்ளி ஒரு கருப்பு உருவம் எதையோ இழுத்துக்கொண்டு போனது. அங்காயியின் கால்கள் இன்னும் லேசாக அசைந்துகொண்டிருந்தன.

பாவாயியை வாட்டியது இதுதான்: குளவி வந்ததை அவள் பார்த்திருந்தாள். எட்டுக் கண்ணாலும் பார்த்திருந்தாள். இலையின் நிழல் என்று நினைத்துவிட்டாள்.

எதிர்ப்பாறையில் இருந்த மண் வீட்டிலிருந்து அங்காயியின் குரல் கேட்டது. "அக்கா... அக்கா..." பாவாயி போய் அந்த மண்ணை நகத்தால் பறண்டிப் பார்த்தாள். கல்லாய் இறுகிப்போயிருந்தது. சில நாள் அந்தக் குரல் இருந்தது. பிறகு இல்லை.

அதற்கப்புறம் பாவாயிக்குப் பொட்டுத் தூக்கம் கிடையாது. நிழல் எல்லாம் குளவியாகத் தெரிந்தது. ஒரு சருகு விழுந்ததற்கு அலறியடித்துக்கொண்டு ஓடினாள். ஒரு தடவை சடையன் இரையோடு வீடு திரும்பியபோது அவனையே பார்த்துக் கிரீச்சென்று கத்திவிட்டாள்.

"நான்தான் புள்ள," என்றான் சடையன்.

"தெரியுதுங்க மாமா. ஆனா தெரியறதுக்குள்ள உசுரு போயிட்டு வருது. நிழல்னு நெனச்சா குளவியா இருக்குது, குளவின்னு நெனச்சா நிழலா இருக்குது. இந்தக் கண்ண வெச்சுட்டு என்ன பண்றதுன்னே தெரியல."

அன்றிலிருந்து சடையன் வாசலில் காவல் இருந்தான். அவன் காவலைப் பார்த்து எறும்புகூடப் பயப்படாது என்பது இருவருக்குமே தெரியும்.

இப்படி இருக்கையில் பாவாயி முட்டையிட்டாள். பையைச் சுற்றிக் கட்டிவிட்டு, மிஞ்சிய நூலில் ஒரு காலை வைத்தபடி இடுக்குக்குள் சுருண்டுகிடந்தாள். திடீரென்று காலில் ஏதோ குறுகுறுத்தது. வெளியே நூலின் மறுமுனையில் ஓர் எறும்பு நடக்கிறது. அவள் பார்க்கவில்லை. ஆனாலும் எறும்பு என்று தெரிந்தது. எவ்வளவு கனம், எந்தப் பக்கம் போகிறது, எங்கே நிற்கிறது, எல்லாம் தெரிந்தது. எட்டிப் பார்த்தாள். எறும்பேதான், அதே இடத்தில்.

அவள் நெஞ்சு அடித்துக்கொண்டது. இந்தத் தடவை பயத்தினால் அல்ல.

அன்றே இரண்டு கிளைகளுக்கு நடுவில் ஒரு நூலைக் கட்டி, காலை வைத்து உட்கார்ந்தாள். காற்றடித்தது, நூல் கிடுகிடுவென்று ஆடியது, பாவாயி செத்தேன் பிழைத்தேன் என்று இடுக்குக்குள் பாய்ந்தாள். மறுபடி வந்தாள், மறுபடி ஓடினாள். ஒற்றை நூலுக்குக் காற்றும் ஒன்றுதான், குளவியும் ஒன்றுதான். கண்ணுக்கும் இதற்கும் என்ன வித்தியாசம் என்று அழுகை வந்தது. அறுத்துப் போட்டாள். அடுத்த நாள் பல நூல்களைக் கட்டினாள். எல்லாம் நடுவில் ஒரு புள்ளியில் வந்து சேரும்படி கட்டி, அந்தப் புள்ளியில் உட்கார்ந்து காலுக்கொரு நூலாக எட்டுக் காலையும் நீட்டினாள். காற்று வந்தது. எல்லா நூலும் சேர்ந்து ஆடின. ஒரு தும்பி வந்து ஓரத்தில் இடித்தது. ஒரே ஒரு நூல் ஆடியது.

பாவாயி சிரித்தாள். தங்கை போன பிறகு அவள் சிரித்தது அன்றைக்குத்தான்.

பிறகு சும்மா இருப்பாளா? வட்டம் வட்டமாகச் சுற்றினாள். வட்டத்து நூலில் பிசினைத் தடவினாள், நடந்து போகிற நூலைப் பிசினில்லாமல் விட்டாள். குளவி வந்தால் ஒட்டிக்கொண்டு கொஞ்சம் தாமதிக்கட்டும் என்பதுதான் எண்ணம். குளவிக்கு முன்னால் ஈ ஒட்டிக்கொண்டது, கொசு ஒட்டிக்கொண்டது, விட்டில் ஒட்டிக்கொண்டது. பயத்துக்குப் போட்ட வேலி வீடு தேடிச் சோறு கொண்டுவந்தது. மலையில் எந்தச் சிலந்தியும் உட்கார்ந்த இடத்தில் தின்றதில்லை. மற்ற சிலந்திகள் வந்து வாயைப் பிளந்து பார்த்துவிட்டு, வீட்டுக்குப் போய் அதேபோல் கட்டிப் பார்த்தார்கள். பாவாயியின் புத்திக்கு ஈடில்லை என்று ஓணான்கூடத் தலையாட்டியது.

சடையனுக்கும் பெருமைதான். ஆனால் நாளாக ஆக அவனுக்கு ஒன்று உறுத்த ஆரம்பித்தது. பாவாயி வலைக்கு நடுவில் தலைகீழாகத் தொங்கிக்கொண்டு, எதையுமே பார்க்காமல் இருந்தாள். கண்கள் திறந்துதான் இருந்தன. அதில் ஆள் இல்லை.

"ஏம் புள்ள, நான் இங்கதான நிக்கறேன். முகத்தப் பாத்துப் பேசேன்."

"எதுக்குங்க மாமா? நீங்க ஓரத்துல கால் வெச்சப்பவே தெரிஞ்சுபோச்சு. காலையில இருந்து ஒண்ணும் திங்கல போல. கனம் கம்மியா இருக்குது."

"அது சரி. என்ற நெத்தியில அடிபட்டுக் காயமா இருக்குதே, அதச் சொல்லுச்சா உன்ற நூலு?"

பாவாயி ஒரு கணம் தயங்கினாள். அப்போதும் திரும்பவில்லை. "பெரிய காயமாங்க?"

"திரும்பிப் பாத்தா நீயே சொல்லலாம்."

"கண்ணு ஏமாத்துங்க மாமா. அங்காயி விசயத்துல ஏமாத்துச்சல்லோ? நூலு பொய் சொல்லாது."

"சொல்லாதுதான். ஆனா நீ கேக்கறதுக்கு மட்டுந்தான் அது பதில் சொல்லும். 'வந்தது சடையனா, இல்லையா?' இதத்தான நீ கேக்கறே?"

"ஆமாங்க. ஆயிரம் பேரு வந்தாலும் உங்க நடை எனக்குத் தெரியுமாக்கும்."

"சரி, நூலு 'இல்லை'ன்னு சொன்னா என்ன பண்ணுவே?"

பாவாயி பதில் சொல்ல யோசிக்கவே இல்லை. "விடமாட்டேன்" என்றாள்.

அந்தக் குரலைக் கேட்டுச் சடையன் ஓர் அடி பின்வாங்கினான். தன் பெண்டாட்டியிடம் பயமா என்று தன்னையே கேலி செய்துகொண்டான். ஆனாலும் அன்றிலிருந்து வலையில் ஏறும்போதெல்லாம் ஒவ்வொரு காலையும் பார்த்துப் பார்த்து, எப்போதும் போலவே வைத்து நடந்தான்.

மழைக்காலம் வந்தது. ஓடை நிரம்பிப் பாறைகளில் மோதி இரைந்துகொண்டிருந்தது. பக்கத்தில் நின்று பேசினாலும் காதில் விழாது. சடையன் பக்கத்து மரத்துக்குப் போயிருந்தான். திரும்பி வருகிற வழியில் தலையைத் தூக்கிப் பார்த்தவன் அப்படியே நின்றுவிட்டான்.

வலைக்கு நேர் பின்னால், கிளைமேல் கருங்குளவி உட்கார்ந்திருந்தது. வலையைத் தொடாமல் உட்கார்ந்திருந்தது. சும்மா ஒன்றும் இல்லை. இந்த வலையைக் கொஞ்ச நாளாக அதுவும் பார்த்துக்கொண்டுதான் இருந்திருக்கிறது. நூலைத் தொட்டால்தான் உள்ளே இருப்பவளுக்குத் தெரியும் என்பதைக் கண்டுகொண்டுவிட்டது. ஆடுகிற நூல் மேலே படாமல் பாய, காற்று ஓய்வதற்காகக் காத்திருந்தது. பாவாயி தொங்கிக்கொண்டிருந்தாள், முதுகைக் காட்டியபடி.

"பாவாயி! பின்னால பாரு!" என்று சடையன் கத்தினான். ஓடையின் இரைச்சல் அதை விழுங்கிவிட்டது. குளவியின் கண்ணில் மட்டும் அவன் பட்டான். அது திரும்பி அவன்மேல் பாய்ந்தது. சடையன் சிறியவன், இடுக்கில் புரண்டு தப்பினான். ஒரு பக்கத்து முன்னங்கால் குளவியின் வாயோடு போய்விட்டது. குளவி அவனைப் பொருட்படுத்தாமல் பழைய கிளைக்கே திரும்பியது. அதற்கு வேண்டியது பெரியவள்.

ஓடிவிடலாம் என்று சடையனுக்குத் தோன்றாமல் இல்லை. தோன்றியது. ஆனால் கால்கள் வலையை நோக்கித்தான் ஓடின. வழக்கமான நடை, பழக்கமான அடி, எதுவும் அவன் நினைவில் இல்லை. ஓரத்து நூலில் தாவி விழுந்து, எழுந்து, "பாவாயி, பாவாயி" என்று தொண்டை கிழியக் கத்திக்கொண்டே நடுப்புள்ளியை நோக்கி நொண்டி நொண்டி ஓடினான்.

பாவாயியின் காலுக்கு வந்தது இதுதான்: ஏதோ ஒன்று வலையில் பாய்ந்திருக்கிறது. எறும்பு இல்லை, ஈ இல்லை. கோணல்மாணலான அடி. அவசரம். என் பக்கமாகவே வருகிறது. நூல் பூராவும் ஒரு கிர்ரென்ற அதிர்வு. அது சடையனின் கத்தல். நூல் வழியாக வந்தபோது இறக்கை அதிர்வதுபோல இருந்தது.

வந்தது சடையனா? இல்லை.

தலையைத் திருப்பினால் போதும். அவ்வளவு பக்கத்தில் அவளுக்கே நன்றாகத் தெரிந்திருக்கும். அவள் திருப்பவில்லை. முதுகைக் காட்டியபடியே பின்னால் பாய்ந்து, பின்னங்கால்களால் நூலை அள்ளி அள்ளிச் சுற்றினாள். மூட்டை துள்ளியது. இன்னும் இறுக்கினாள். அங்காயியை நினைத்துக்கொண்டு இறுக்கினாள். கடைசியில் பல்லை இறக்கி, இருந்த விஷம் முழுவதையும் உள்ளே விட்டாள். துள்ளல் நின்றது.

கிளையில் இருந்த குளவி இதையெல்லாம் பார்த்தது. முகத்தைப் பார்க்காமலே கொல்கிறவளிடம் வம்பு வைத்துக்கொள்ள அதற்கு மனம் வரவில்லை. சத்தமில்லாமல் பறந்து போய்விட்டது.

வலை அமைதியானது. பாவாயி மூட்டைமேல் காலை வைத்தாள். உள்ளிருந்து மெல்லிய அசைவு ஒன்று வந்தது. முகத்தைக் கிட்டே கொண்டுபோனபோதுதான் குரல் கேட்டது.

"புள்ள... பின்னால குளவி... பாரு..."

"மாமா?"

"நான்தான். கால் ஒண்ணு போயிருச்சு. அதான் நடை மாறிப்போச்சு."

பாவாயி கத்திய கத்தல் ஓடை இரைச்சலையும் தாண்டிக் கேட்டது. நூலைப் பிய்த்தாள், கடித்தாள், இழுத்தாள். யாராலும் அறுக்க முடியாதபடி கட்டுவது எப்படி என்று அவள்தானே கண்டுபிடித்தாள்! விஷத்தைத் திரும்ப உறிஞ்ச முடியுமா என்றுகூடப் பார்த்தாள். முகம் வரைக்கும் பிரித்தெடுத்தபோது சடையன் விழித்துக்கொண்டிருந்தான், பேச முடியவில்லை. நெற்றியில் ஒரு பழைய தழும்பு இருந்தது. அதை அவள் அப்போதுதான் பார்த்தாள். அவளைப் பார்த்தபடியே அவன் போய்ச் சேர்ந்தான்.

பாவாயி அந்த வலையை முழுவதுமாகச் சுருட்டி வாயில் போட்டு விழுங்கினாள். இனி ஜென்மத்துக்கும் கட்டமாட்டேன் என்றாள். வெறும் கிளையில் உட்கார்ந்து, எட்டுக் கண்ணாலும் உலகத்தைப் பார்த்தாள். இலை தெரியவில்லை, நிழல் தெரியவில்லை, எல்லாம் கலங்கலாக ஒரே மங்கலாய்க் கிடந்தது. இத்தனை காலம் எதையும் கேட்காமல் விட்ட கண்களிடம் இன்றைக்குக் கேட்டால் அவை என்ன சொல்லும்? எங்கேயோ ஓர் இறக்கை அதிர்ந்தது. அவள் இடுக்குக்குள் பாய்ந்தாள். பயம் துக்கத்துக்கு விட்டுக்கொடுக்கவில்லை. பொழுது சாய்வதற்குள் அழுதுகொண்டே மறுபடி நூலை விட ஆரம்பித்திருந்தாள்.

முட்டைகள் பொரிந்தன. பெண்பிள்ளைகளுக்கு வலை கட்டுவதைச் சொல்லிக்கொடுக்க வேண்டியிருக்கவில்லை. பிறந்தபோதே காலால் பார்த்துக்கொண்டு பிறந்தார்கள். பாவாயி ஆண்பிள்ளைகளை மட்டும் கூப்பிட்டாள்.

"கண்ணுகளா, நாளைக்கு உங்களுக்கும் கல்யாணம் காட்சின்னு வரும். யாரு வலையிலயும் நேரா ஏறிப்போடாதீங்க. உங்கள எவ்வளவு பிடிச்சிருந்தாலும் சரி, பெத்தவளா இருந்தாலும் சரி. ஓரத்துல நின்னு நூல மெதுவாச் சுண்டுங்க. 'நான் வந்திருக்கேன், நான் இரை இல்ல'ன்னு சுண்டுங்க. அவ திருப்பிச் சுண்டற வரைக்கும் ஒரு அடிகூட வெக்காதீங்க."

"திருப்பிச் சுண்டலீன்னா?" என்று ஒருவன் கேட்டான்.

"ஓடிப் போயிருங்க."

"நாங்கதான்னு அவங்க திரும்பிப் பாத்துக்க மாட்டாங்களா அம்மா?"

பாவாயி அப்போதும் திரும்பவில்லை. கேட்ட பிள்ளை எந்தப் பக்கம் நிற்கிறான் என்று அவளுக்குத் தெரிந்திருந்தது. அவன் முகம் சடையனின் முகம் மாதிரியே இருந்தது அவளுக்குத் தெரியாது.

அன்று முதல்தான் ஆண் சிலந்தி வலையின் ஓரத்தில் நின்று, ஒற்றை நூலைச் சுண்டிவிட்டு, நடுங்கிக்கொண்டே காத்திருக்கிறது. சில நேரம் பதில் வருகிறது. சில நேரம் அவளே வருகிறாள்.