பரிசலேறிப் போன பிழைச்சொற்கள்

முன்னொரு காலத்தில், அதாவது அரசர்களுக்குக் கோபம் நிறையவும் வேலை குறைவாகவும் இருந்த காலத்தில், வேழவர்மன் என்றொரு அரசர் இருந்தார். நல்லவர்தான். ஆனால் வருடத்துக்கு ஒருமுறை அவருக்கு ஏதாவது ஒன்று பிடிக்காமல் போய்விடும். ஒரு வருடம் காக்கைகள் பிடிக்கவில்லை. நாட்டில் உள்ள காக்கைகளை விரட்டப் படை புறப்பட்டது. காக்கைகள் படையின் கட்டுச்சோற்றைத் தின்றுவிட்டுத் தத்தம் மரத்துக்குத் திரும்பின. அடுத்த வருடம் கொட்டாவி. அவையில் யாரும் கொட்டாவி விடக் கூடாது என்று ஆணை. அவைப்புலவர் சிகாமணியார் பாடும் நேரத்துக்கு மட்டும் விலக்கு வேண்டும் என்று மந்திரிகள் கெஞ்சினார்கள். அப்படிக் கெஞ்சச் சொல்லிக் கொடுத்தவன் விகடகவி மிளகன். அன்றுமுதல் மிளகன் என்ற பெயரைக் கேட்டாலே சிகாமணியாருக்குத் தும்மல் வந்தது.

மூன்றாம் வருடம் சொற்களின் முறை வந்தது.

மதியச் சாப்பாடு முடிந்து அரசர் சாய்ந்திருந்தார். பணியாள் தட்டை நீட்டி, “வெத்தல இந்தாங்க சாமி” என்றான். பக்கத்தில் இருந்த சிகாமணியார் நெஞ்சைப் பிடித்துக்கொண்டார்.

“என்ன நேர்ந்தது, புலவரே?”

“தங்கள் கண்முன்னே ஒரு கொலை நடந்துவிட்டது, அரசே! வெற்றிலை என்பது சொல். இவன் தட்டில் ஏந்தி வந்திருப்பது அதன் பிணம்!”

அரசர் தட்டைப் பார்த்தார். இலை பச்சையாகத்தான் இருந்தது. ஆனாலும் பிணம் என்று கேட்ட பிறகு மெல்ல மனம் வரவில்லை.

“நம் நாட்டில் இப்படி இன்னும் இருக்கின்றனவா?”

“தெருவில் நடந்தால் காலில் இடறும், அரசே.”

“அப்படியானால் பிழைபட்ட சொல் ஒன்றுகூட என் நாட்டில் இருக்கக் கூடாது. எல்லாவற்றையும் நாடு கடத்துங்கள்!”

படைத்தலைவர் எழுந்தார். காக்கை விஷயத்தில் சூடுபட்டவர் ஆகையால் முன்கூட்டியே கேட்டுவைத்தார். “அரசே, சொல்லுக்கு விலங்கு எங்கே மாட்டுவது? கையிலா, காலிலா?”

சிகாமணியார் இந்தக் கேள்விக்காகத்தான் காத்திருந்தார். “இத்தகைய அரும்பணிக்கு மிளகரைவிடத் தகுந்தவர் யார், அரசே? பௌர்ணமிக்குள் அவர் பிழைச்சொற்களை வெளியேற்றட்டும். அதன்பின் ஒரு பிழைச்சொல் நம் நாட்டு எல்லைக்குள் காதில் விழுந்தாலும், அந்தச் சொல்லோடு அவரும் வெளியேறட்டும். வழித்துணைக்கு ஆயிற்று.”

“நன்று! அவ்வாறே ஆகுக!” என்றார் அரசர்.

மிளகன் வணங்கிவிட்டு வீட்டுக்குப் போனான். அவன் மனைவி பவளாயி நிறைமாதக் கர்ப்பிணி. விஷயத்தைக் கேட்டதும் முறத்தைக் கீழே போட்டாள்.

“ஏன்யா, உனக்கு வேற வேலையே கெடைக்கலையா?”

“இருந்துச்சு. காக்கா வெரட்டுறது. அதைப் படைக்குக் குடுத்துட்டாங்க.”

“நக்கலு! பேறுகாலத்துல வயித்தத் தூக்கிட்டு நான் எந்த நாட்டுக்குய்யா நடப்பேன்? எங்காத்தா இங்க, மருத்துவச்சி இங்க. அந்தப் புலவன் கிட்டப் போயி ரெண்டு வார்த்த நான் கேக்கவா?”

“நீ கேட்டா அதுல ஒண்ணுகூட நாட்டுக்குள்ள தங்காது புள்ள. மெதுவா. சேவகன் காதுல விழப்போவுது.”

“கத்தணும் போல இருக்குதுய்யா எனக்கு!”

“கத்தணும்னா ஆத்து மணல்திட்டுக்குப் போயிக் கத்து” என்ற மிளகன், சொன்ன வாயை மூடாமலே நின்றான். பிறகு எழுந்து தலைப்பாகையைக் கட்டிக்கொண்டான்.

அந்த மணல்திட்டைப் பற்றிக் கொஞ்சம் சொல்ல வேண்டும். வேழவர்மனின் நாட்டுக்கும் பக்கத்து நாட்டுக்கும் நடுவே ஓடிய ஆற்றில் இருந்தது அது. அதற்காக இரண்டு நாட்டு அரசர்களும் பாட்டன் காலத்திலிருந்து சண்டை போட்டார்கள். கடைசியில் அலுத்துப்போய், “எனக்கும் வேண்டாம், உனக்கும் வேண்டாம்” என்று சத்தியம் செய்துகொண்டார்கள். இந்த நாட்டுக்காரனும் அந்த நாட்டுக்காரனும் உரிமை கொண்டாடாத அந்த இடத்தில் சில கொக்குகள் மட்டும் வசித்தன. கொக்குகளிடம் யாரும் சத்தியம் வாங்கவில்லை.

மறுநாள் மிளகன் தெருத்தெருவாகப் பறையடித்து வந்தான். கூடவே வண்டி நிறையப் பானைகள்.

“இதனால் சகலருக்கும் அறிவிப்பது! பிழைச்சொற்கள் அத்தனையும் மணல்திட்டுக்கு நாடு கடத்தப்படுகின்றன! அவரவர் வீட்டில் உள்ளதைப் பானைக்குள் சொல்லிவிடுங்கள்! இனி அவை வாழும் இடம் அதுதான்! யாருக்காவது அவற்றோடு வேலை இருந்தால் பரிசலேறிப் போய்ப் பேசிவிட்டு வரலாம்! தடையில்லை!”

சனங்கள் ஒத்துழைத்தார்கள். மிளகன்மேல் பாசம் ஒரு காரணம். வேடிக்கை இன்னொரு காரணம். சேவகர்கள் கையில் இருந்த பிரம்பு முக்கியக் காரணம். ஒவ்வொருவராக வந்து பானைக்குள் தலையை விட்டு, வாய்க்கு வந்ததை எல்லாம் சொன்னார்கள். மாமியார் ஒருத்தியும் மருமகள் ஒருத்தியும் ஒரே பானைக்காக அடித்துக்கொண்டார்கள். எல்லாப் பானைகளின் வாயையும் துணியால் கட்டிப் பரிசலில் ஏற்றி, திட்டில் கொண்டுபோய் அவிழ்த்துவிட்டான் மிளகன். கொக்குகள் பறந்துவிட்டன.

நாடு சுத்தமாகிவிட்டது. தலைநகரில் செந்தமிழைத் தவிர வேறொன்றும் ஒலிக்கவில்லை.

கீழ வீதியில் ஒரு வைக்கோற்போர் தீப்பிடித்தது. பக்கத்து வீட்டுக்காரர் ஓடிவந்து, “அன்பரே, தங்கள் வைக்கோற்போரில் தீ பற்றியிருப்பதைத் தாங்கள் அறிவீர்களோ?” என்றார். “அறியேன் ஐயா. அறிவித்தமைக்கு நன்றி உடையேன்” என்றார் இவர். அதற்குள் வைக்கோலுக்கு இருவரின் நன்றியும் தேவைப்படவில்லை.

கிணற்றடியில் இரண்டு பெண்களுக்குச் சண்டை. “அடி தோழி, நின் நாவில் நரம்பில்லையோ?” என்றாள் ஒருத்தி. கேட்டவளுக்குச் சிரிப்பு வந்துவிட்டது. சொன்னவளுக்கும் வந்துவிட்டது. சண்டை கெட்டுப்போன ஆத்திரத்தில் இருவரும் ஒரே பரிசலில் ஏறித் திட்டுக்குப் போனார்கள். சாயங்காலம் மனநிறைவோடு திரும்பினார்கள்.

பிறகு அம்மன் கோயில் நோம்பி வந்தது. பொங்கல், கிடாவிருந்து, ராட்டினம் எல்லாம் சேர்ந்த திருவிழாவுக்கு அந்த ஊரில் நோம்பி என்று பேர். சிகாமணியார் விடுவாரா? “நோம்பி என்பது நோன்பின் சிதைவு” என்று திருத்தி, “நாளை ஊரெங்கும் நோன்பு” என்று முரசறையச் செய்தார். நோன்பு என்றால் பட்டினி. ஆகவே திருவிழாவன்று தலைநகரமே பட்டினி கிடந்தது. அரசரும் கிடந்தார். ஒரு கிடாவுக்கு மட்டும் மகிழ்ச்சி. சற்று நேரத்தில் ஆற்றுப்பக்கமிருந்து பொங்கல் வாசமும் தவில் சத்தமும் வந்தன. நோம்பி திட்டில் நடந்துகொண்டிருந்தது.

அதற்கப்புறம் ஊர் ஊராகவே இல்லை. பேரம் பேசப் போனவர்கள் சந்தையை அங்கேயே போட்டார்கள். பிள்ளையைத் தூங்கவைக்கப் போனவர்கள் தொட்டிலை அங்கேயே கட்டினார்கள். பக்கத்து நாட்டு சனங்களும் தங்கள் பிழைகளைத் தூக்கிக்கொண்டு வந்து சேர்ந்தார்கள். அரசி அல்லியங்கோதையும் நாள்தோறும் குட்டி இளவரசனை இடுப்பில் வைத்துக்கொண்டு பரிசல் ஏறினாள்.

பௌர்ணமியன்று அரசர் அவைக்கு வந்தார். தூண்கள் இருந்தன. சிகாமணியார் இருந்தார்.

“புலவரே, எங்கே எல்லோரும்?”

“அமைதி நிலவுகிறது, அரசே” என்றார் சிகாமணியார். உள்ளுக்குள் அவருக்கு அமைதியில்லை. பௌர்ணமி வந்தும் நாட்டுக்குள் ஒரு பிழைச்சொல்கூட அகப்படவில்லை. மிளகன் தப்பித்துவிடுவான் போலிருந்தது. “ஆனால் ஒரு வஞ்சகம் நடந்திருக்கிறது. சொற்கள் வெளியேறவில்லை. மணல்திட்டில் கொழுத்துத் திரிகின்றன. அத்திட்டு நம்முடையது என்று தாங்கள் ஒரு வார்த்தை சொன்னால் போதும், மிளகர் தோற்றார்!”

அப்போதுதான் உள்ளே வந்த படைத்தலைவருக்கு முகம் வெளுத்தது. “அரசே, அந்த வார்த்தையைச் சொன்னால் சத்தியம் முறிந்தது. பக்கத்து நாட்டு யானைகள் நாளைக் காலையே ஆற்றில் இறங்கும். நம் வீரர்கள் எல்லோரும் திட்டில் ராட்டினம் சுற்றுகிறார்கள்.”

அரசர் பெருமூச்சு விட்டு எழுந்தார். “நானே போய்ப் பார்க்கிறேன்” என்றார்.

புலவரோடு திட்டில் கால் வைத்ததும் சத்தம் வந்து அவர் முகத்தில் அறைந்தது. “ஏய், தள்ளு தள்ளு!” “கொஞ்சூண்டு கொத்தமல்லி போடுக்கா!” “அட போய்யா அங்கிட்டு!” அரசரைக் கண்டதும் எல்லோரும் அடங்கி, ‘வணங்குகிறோம் மன்னா’ என்ற முகத்துக்கு மாறினார்கள். அரசருக்கு ஏனோ அது பிடிக்கவில்லை.

அதே நேரத்தில் புன்னை மரத்தடியிலிருந்து ஒரு குரல். “எங்கண்ணு! எந்தங்கம்! எங்க ராசா இல்ல?”

அரசர் சட்டென்று திரும்பினார். “அழைத்தாயா, தேவி?”

அரசி முகத்தைத் திருத்திக்கொண்டாள். “தங்களை அல்ல, அரசே. குழந்தையை.”

“நம் நாட்டுக்கு ராசா நானல்லவா?”

“தாங்கள் அரசர். ராசா இவன்.”

அரசர் புலவரைப் பார்த்தார். “இரண்டும் ஒன்றுதானே?”

“ஒன்றேதான், அரசே. அது நேராக நிற்பது, இது கால் நொண்டுவது. வேறு வேறுபாடு இல்லை.”

கூட்டத்தை விலக்கிக்கொண்டு மிளகன் வந்து வணங்கினான். “ஒன்றேதான் என்றால் ஒன்றின் வேலையை மற்றொன்று செய்ய வேண்டும் அல்லவா, புலவரே? தாங்கள் சற்றுச் செய்து காட்டலாமே.”

சிகாமணியார் பின்வாங்க வழியில்லை. இளவரசனைக் கையில் வாங்கினார். குழந்தை தாடியைப் பார்த்து வீறிட்டது. “அரசே! அழுகை தவிர்ப்பீராக! தங்கள் விழிநீர் எம்மை வருத்துகிறது!” என்றார். குழந்தை இன்னும் உரக்க அழுது, தாடியைப் பிடித்து இழுத்தது. அரசி வாங்கி, “ராசா… ஒண்ணுமில்லடா ராசா” என்றாள். அழுகை நின்றது.

கீரைக்காரி ஒருத்தி பக்கத்திலிருந்து, “ஐயா, எங்கிட்டயும் ஒண்ணு செஞ்சு காட்டுங்க. இனாமாக் கொத்தமல்லி கேளுங்க பாப்போம்” என்றாள்.

“பெண்ணே, சிறிதளவு கொத்தமல்லி ஈவாயாக.”

அவள் ஒரே ஒரு இலையைக் கிள்ளி அவர் உள்ளங்கையில் வைத்தாள். “சிறிதளவுன்னா இதான். கொஞ்சூண்டுன்னு கேட்டிருந்தா ஒரு பிடி.”

கூட்டம் சிரித்தது. அரசர் சிரிக்கவில்லை. “மிளகா, எனக்கு இந்தச் சத்தம் வீட்டுக்கு வேண்டும். இந்தச் சொற்களைத் திரும்ப அழைத்துவிடுகிறேன்” என்றார்.

சிகாமணியார் இதைத்தான் விரும்பினார். “அரசே! சொன்ன சொல்லைத் திரும்பப் பெறுவது தங்கள் குலத்தில் இல்லை. அப்படியே பெற்றாலும், பௌர்ணமி வந்தாயிற்று. இனி ஒரு பிழைச்சொல் எல்லைக்குள் நுழைந்த கணமே மிளகர் வெளியேற வேண்டும். அதுவும் தங்கள் சொல்லே.”

கூட்டத்தில் இருந்த பவளாயி வயிற்றில் கை வைத்துக்கொண்டாள். திட்டில் ராட்டினம்கூட நின்றுவிட்டது.

மிளகன் புலவரைக் கும்பிட்டான். “மிகச் சரி. அரசர் சொல் மாறக் கூடாது. போகும் முன் ஒரே ஆசை. தாங்கள் தினமும் அவையில் பாடும் வாழ்த்துப் பாட்டைக் கடைசியாக ஒருமுறை கேட்டுவிட்டுப் போகிறேன்.”

பாட்டைக் கேட்கிறேன் என்று சிகாமணியாரிடம் அதுவரை யாரும் சொன்னதில்லை. தொண்டையைச் செருமிக்கொண்டு, கண்ணை மூடிப் பாடினார்:

“எறும்பு வரினும் எதிரி வரினும்
புகலென வந்தோரைப் போவெனச் சொல்லான்
வேழவர்மன் வாழிய வாழியவே!”

“ஆகா!” என்றான் மிளகன். “அரசே, இது பாட்டா, உண்மையா?”

“உண்மைதான். அடைக்கலம் என்று வந்தவரை என் குலத்தில் யாரும் திருப்பி அனுப்பியதில்லை.”

“அப்படியானால் தாங்கள் யாரையும் திரும்ப அழைக்க வேண்டாம். இங்கே சில ஏழைகள் அடைக்கலம் கேட்டு நிற்கிறார்கள். வேற்று நிலத்தவர்கள்.”

“அதே பழைய குற்றவாளிகள்!” என்று கத்தினார் சிகாமணியார்.

“இல்லை, புலவரே. நான் பானையில் அடைத்து அனுப்பியவை பிழைகள். நோன்பின் பிழையாக ஒன்று வந்தது. இங்கே பொங்கல் வைத்துக் கிடா வெட்டிக் குடித்தனம் நடத்துகிறது. நோன்பை அது இப்போது ஏறெடுத்தும் பார்ப்பதில்லை. அரசரின் பிழையாக ஒன்று வந்தது. தொட்டில் ஆட்டிப் பிழைக்கிறது. தனி வீடு, தனித் தொழில். நம் ஊரில் இவற்றின் வேலையைச் செய்ய வேறு ஆளில்லை என்பதைச் சற்றுமுன் தாங்களே தங்கள் தாடியைக் கொடுத்து நிரூபித்தீர்கள். இவர்கள் யாருடைய பிழையும் அல்லர். அரசரின் வாசலுக்கு வந்த விருந்தாளிகள்.”

அரசி குழந்தையோடு முன்னால் வந்து நின்றாள். “அரசே, இதோ ‘ராசா’ என்று ஒரு சொல். திக்கற்றது. அடைக்கலம் தாருங்கள்.”

“தந்தேன்” என்றார் அரசர். பிறகு குரலைத் தாழ்த்தி, “அரண்மனையில் அந்தச் சொல்லுக்கு இன்னொரு ஆளும் காலியாகத்தான் இருக்கிறார்” என்றார்.

“ஊர்முன்னாடி என்ன பேச்சு ராசா இது?” என்றாள் அரசி.

திட்டே ஓவென்று கூவியது. கூச்சல் அடங்கும் முன் கொஞ்சூண்டும் கண்ணும் புள்ளயும் நோம்பியும் வெத்தலயும் வரிசையாக வந்து அடைக்கலம் கேட்டன. எல்லாவற்றுக்கும் “தந்தேன், தந்தேன்” என்று சொல்லிச் சொல்லி அரசருக்கு மூச்சு வாங்கியது. பரிசலுக்கு ஒரே தள்ளுமுள்ளு. முதல் பரிசலில் பவளாயிதான் ஏறினாள். ஏறும்போது புலவரைப் பார்த்து ஏதோ இரண்டு வார்த்தை சொன்னாள். அவற்றுக்கும் அரசர் அடைக்கலம் தந்தார்.

அரசர் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். கழுத்து முத்துமாலையைக் கழற்றி மிளகன் கழுத்தில் போட்டு, அவன் முதுகில் ஓங்கி ஒரு தட்டுத் தட்டினார்.

“மிளகா, நீ மனுசன்யா!”

சிகாமணியாருக்குப் பொறுக்கவில்லை. “அரசே, அப்படியென்றால் நான்?”

அரசர் அவரை ஏற இறங்கப் பார்த்தார்.

“தாங்கள் மனிதர், புலவரே” என்றார். “இலக்கணப்படி.”